அர்ச்சகர் வழக்குகள்: பகிரும் முன் படிங்க தோழர்களே

(பயிலரங்கில் பேசியதன் எழுத்து வடிவம்)



மேடை ஏறுறதுக்கு முன்னாடி ஒரு தம்பி போனை நீட்டினார். "அனைத்துச் சாதியினரும் அர்ச்சகர் ஆகலாம்னு உச்ச நீதிமன்றம் 1972லயே சொல்லிடுச்சு"ன்னு நம்ம ஆளுங்க போட்ட படம். ஏகப்பட்ட பகிர்வு. தம்பி கோவிச்சுக்கக் கூடாது, அது அப்படியே சரியில்லை. வழக்கைப் படிச்ச ஒருத்தர் வந்து ஒரே வரியில் உடைச்சிடுவார். நம்ம பக்கம் நியாயம் இருக்கும்போது தப்பான தகவல் எதுக்கு?

நடந்ததைச் சொல்றேன். தீண்டாமை பற்றி ஆராய்ந்த இளையபெருமாள் குழு 1969ல அறிக்கை கொடுத்தது. பரம்பரை அர்ச்சகர் முறையை ஒழிக்கணும்னு அதில் பரிந்துரை இருந்தது. 1970 டிசம்பரில் கலைஞர் அரசு அறநிலையத் துறைச் சட்டத்தின் 55ஆம் பிரிவைத் திருத்தியது. அப்பா அர்ச்சகர் என்பதாலேயே மகனும் அர்ச்சகர் என்கிற உரிமை போச்சு. அதை எதிர்த்துப் போட்டதுதான் சேஷம்மாள் வழக்கு. 1972 மார்ச்சில் ஐந்து நீதிபதிகள் அமர்வு தீர்ப்புச் சொன்னது.

அதில் நமக்குக் கிடைச்சது பெரிய விஷயம். அர்ச்சகர் கோயிலின் ஊழியர், அவரை நியமிக்கிறது அறங்காவலர், நியமனம் என்பது மதச்சடங்கு இல்லை, உலகியல் செயல் என்று நீதிமன்றம் சொன்னது. வாரிசு உரிமை அத்தோடு செத்தது. கிடைக்காததும் ஒண்ணு உண்டு. ஆகமம் எந்தப் பிரிவினர் பூசை செய்யணும்னு சொல்லுதோ, அவர்களிலிருந்துதான் நியமிக்கணும் என்ற கருத்தும் அதே தீர்ப்பில் இருக்கு. முன்வாசலைத் திறந்துட்டு உள்கதவைச் சாத்தின மாதிரி. அந்த உள்கதவுக்கு முன்னாடிதான் அம்பது வருஷமா நிக்கிறோம்.

பக்கத்துக் கேரளாவைப் பாருங்க. திருவிதாங்கூர் தேவஸ்வம் போர்டு ஒரு சிவன் கோயிலில் பிராமணர் அல்லாத ஒருவரைச் சாந்தியாக நியமித்தது. அந்த வழக்கும் டெல்லி வரை போச்சு. 2002 அக்டோபரில் ஆதித்யன் வழக்கில் உச்ச நீதிமன்றம் நியமனம் செல்லும்னு சொன்னது. பூசை முறை தெரிஞ்சவரா, தகுதி உள்ளவரா என்பதுதான் கேள்வி, பிறப்பு இல்லை. படம் போடணும்னா இந்தத் தீர்ப்பை வெச்சுப் போடுங்க.

இங்கே 2006 மே மாதம், தகுதியும் பயிற்சியும் உள்ள எந்த இந்துவும் அர்ச்சகர் ஆகலாம்னு அரசாணை வந்தது. மறு வருஷம் ஆறு இடங்களில் பயிற்சிப் பள்ளி: மதுரை, திருவண்ணாமலை, பழனி, திருச்செந்தூரில் சைவம், ஸ்ரீரங்கம், திருவல்லிக்கேணியில் வைணவம். இருநூறு பேருக்கு மேல் மந்திரம், பூசை முறை எல்லாம் கற்று, தீட்சை வாங்கி, சான்றிதழோடு வெளியே வந்தாங்க.

வந்தவங்களுக்கு வேலை? வழக்கு ஏற்கெனவே உச்ச நீதிமன்றத்தில். முடிஞ்சது 2015 டிசம்பரில். அதுவும் எப்படி? அரசாணையை ரத்து செய்யலை. ஆனா ஒவ்வொரு நியமனத்தையும் அந்தந்தக் கோயிலின் ஆகமப்படி தனித்தனியா பார்க்கணும், அதுவும் அரசமைப்புச் சட்டத்துக்கு உட்பட்டு, என்றார்கள். அதாவது ஒவ்வொரு கோயிலும் ஒரு வழக்கு!

கொஞ்சம் கணக்குப் போடுங்க. 2007ல இருபது வயசுல பள்ளியில் சேர்ந்த பையன். 2021 ஆகஸ்ட் 14, மயிலாப்பூர் கபாலீசுவரர் கோயிலில் முதல்வர் நியமன ஆணை கொடுத்த அன்னைக்கு அவருக்கு முப்பத்து நாலு. அன்னைக்கு 58 பேருக்கு ஆணை கொடுத்தாங்க. அதில் அரசுப் பள்ளியில் படித்து வந்த பல சாதி அர்ச்சகர்கள் 24 பேர். நாம கைதட்டினோம், தட்டத்தான் வேணும். மிச்சப் பேர்? தட்டில் விழும் காசுகூட இல்லாம வேற பிழைப்புப் பார்க்கப் போனவங்களைப் பற்றி எத்தனை பதிவு போட்டோம் நாம? எனக்கும் சேர்த்துத்தான் கேட்கிறேன்.

அதோட நிக்கலை. 2022 ஆகஸ்டில் உயர் நீதிமன்றம் 2020ஆம் ஆண்டுப் பணி விதிகள் செல்லும், ஆனால் அர்ச்சகர் நியமன விதிகள் ஆகமக் கோயில்களுக்குப் பொருந்தாது என்றது. எது ஆகமக் கோயில்னு கண்டுபிடிக்க ஓய்வு பெற்ற நீதிபதி சொக்கலிங்கம் தலைமையில் குழு. 2023 ஜூனில் சேலம் சுகவனேசுவரர் கோயில் வழக்கில், ஆகமம் தெரிஞ்சா போதும், சாதி வழிப் பரம்பரைக்கு இடமே இல்லைன்னு உயர் நீதிமன்றத்திலிருந்து ஒரு தெளிவான உத்தரவு. மூணே மாசம், செப்டம்பரில் ஆகமக் கோயில் நியமனங்களில் இருக்கிற நிலையே தொடரணும்னு உச்ச நீதிமன்றம். அதே செப்டம்பரில்தான் ஸ்ரீரங்கத்தில் மூணு பெண்கள் பயிற்சி முடிச்சுச் சான்றிதழ் வாங்கினாங்க. சந்தோஷமும் சங்கடமும் ஒரே மாசத்துல.

எதிர்த்தரப்பு வாதத்தையும் கேளுங்க. "அரசாங்கம் யார் எங்க சாமியைத் தொடுறவனை முடிவு பண்ண?" கேலி பண்ணாதீங்க, நம்பிக்கையோட கேட்கிறவங்களும் இருக்காங்க. அவங்களிடம் கேட்க ஒரே கேள்விதான்: ஆகமம் முழுசா தெரிஞ்சு, தீட்சையும் வாங்கின ஒருத்தர் நிக்கிறார். அவர் பிறந்த வீட்டைத் தவிர வேற என்ன குறை? நம்ம ஊர் அம்மன் கோயில்ல, அய்யனார் கோயில்ல பூசாரி யாருன்னு எல்லாருக்கும் தெரியும். அங்கே சாமி கோவிச்சுக்கிட்டதா யாரும் சொன்னதில்லை.

சரி, வேலைக்கு வருவோம். அறநிலையத் துறையின்கீழ் 40,000க்கும் மேற்பட்ட கோயில்கள் இருக்கு. எல்லாமே ஆகமக் கோயில் இல்லை. உங்க ஒன்றியத்தில் உள்ள கோயில்களுக்குத் தகவல் உரிமைச் சட்டத்தில் மனுப் போடுங்க. அர்ச்சகர் பணியிடம் எத்தனை, காலி எத்தனை, இது ஆகமக் கோயிலா இல்லையா, ஆகமம்னா எந்த ஆகமம். நாலு கேள்வி, பத்து ரூபாய் கட்டணம். பதில் வந்ததும் ஒன்றியச் செயலாளரிடம் ஒரு நகல் கொடுங்க. உங்க பக்கத்தில் பயிற்சி முடிச்சுக் காத்திருக்கிற அர்ச்சகர் யாராவது இருந்தா, அவர் வீட்டுக்கே போய் இன்னொரு நகலைக் கையில் கொடுங்க.