ஊர் மாறினால் உதயமும் மாறும்



பிழைப்பை நாடிப் பெங்களூர் வந்த நம்மவர் பெட்டியில் பஞ்சாங்கத்துக்குத் தவறாமல் ஓரிடம் உண்டு. திதி, வாரம், நட்சத்திரம், யோகம், கரணம் என்னும் ஐந்தையும் கூறும் அந்நூலின்றி நமது இல்லங்களில் கிருகப்பிரவேசமும் இல்லை. மறைந்த பெரியோர்க்குத் திதி கொடுத்தலும் இல்லை. இந்த ஜீவனஹள்ளியிலும் சித்திரை பிறக்குமுன் ஊரிலிருந்து அதனை வரவழைத்துக் கொள்கிறோம்.

ஆனால் பழைய முறைப் பஞ்சாங்கத்தின் நாழிகைக் கணக்குச் சூரியோதயத்தில் தொடங்குவது. சென்னைக்கு மேற்கே இரண்டரைப் பாகைக்குச் சற்று அதிகமாகத் தள்ளியிருக்கும் இவ்வூரில் கதிரவன் சுமார் 11 நிமிடம் பிந்தி உதிக்கிறான். நமது கணக்கில் அது 27 விநாழிகை. சென்னை உதயத்தைக் கொண்டு கணித்த பஞ்சாங்கத்தில் ஏகாதசி 20 விநாழிகை என்றிருந்தால், இங்கே உதயத்துக்கு முன்பே ஏகாதசி கழிந்து துவாதசி வந்துவிடுகிறது! இராகுகாலமும் அவ்வாறே சற்றுப் பிந்தும். ‘ஊர்ப் பஞ்சாங்கம் பொய்க்குமா?’ என்று இதற்காக வீட்டுக்குள் சண்டையிடுவானேன்? பஞ்சாங்கம் பொய்க்கவில்லை, நாம்தாம் இடம் பெயர்ந்தோம்.

கணித்தோர் திறமையை நாம் குறைத்துரைப்பதாக எண்ண வேண்டா. புதுச்சேரியில் பஞ்சாங்கம் கணிக்கும் ஒருவர், தரையில் சோழிகளை வைத்து, மனப்பாடமான வாக்கியங்களைக் கொண்டே 1825 மே 31ஆம் தேதிச் சந்திர கிரகணத்தைக் கணித்துக் காட்டினார். ஜான் வாரன் தமது ‘கால சங்கலித’த்தில் இதனைப் பதிவு செய்தார். தொடக்கம் 4 நிமிடமும் முடிவு 52 நிமிடமுமே பிசகின என்று 1952இல் நாய்கெபாவர் என்னும் அறிஞர் எடுத்துக்காட்டினார். ஏடும் எழுதுகோலும் இல்லாமல் இவ்வளவு!

இனி, நமது காலனிக் குடும்பங்களுக்கு மிகவும் வேண்டிய செய்தி. நம் பிள்ளைகள் கன்னடக் குடும்பங்களில் சம்பந்தம் செய்துகொள்ளுதல் இன்று புதிதன்று. அவர்கள் மாதம் அமாவாசை கழிந்து பிறக்கும். நம் மாதம் சூரியன் இராசி மாறுகையில் பிறக்கும். அவர்கள் ஆஷாடத்தில் மணம் செய்யார்; நாம் ஆடியில் செய்யோம். இரண்டும் ஒன்றே எனக் கருதுவோர் நம்மில் பலர். 2025இல் ஆஷாடம் ஜூன் 26இல் தொடங்கியது. ஆடி ஆகஸ்டு 16இல்தான் முடிந்தது. இரு வீட்டார் மனமும் கோணாதிருக்க ஐம்பது நாளுக்கு மேல் விலக்க வேண்டியிருந்தது. 2026இலோ அதிக மாதம் ஒன்று முன்னே புகுவதால் இரண்டும் ஏறக்குறைய ஒன்றன்மேல் ஒன்றாய் அமைகின்றன. ஆகவே, மண்டபத்துக்கு முன்பணம் கட்டுமுன் இரு பஞ்சாங்கங்களையும் அருகருகே வைத்துப் பாருங்கள். சம்பந்தி அம்மாள் ‘ஜூலை முதல் வாரம் ஆகாது’ என்றால், அது வீம்பன்று; அவர்கள் பஞ்சாங்கத்தில் அப்படித்தான் இருக்கிறது.