கைவேலையைப் படம் பிடித்தவர்



நம் படங்களில் கதாநாயகன் மெக்கானிக்காக வருவான். ஆனால் அவன் ஒரு திருகாணியை முழுதாக முடுக்கி முடித்ததைப் பார்த்தவர் உண்டா? வேலை முடிந்த பிறகுதான் சினிமாவில் கதையே தொடங்குகிறது.

இந்தக் குறையை வாழ்நாள் முழுவதும் துருவியவர் ஹாருன் ஃபரோக்கி. 1944-இல் பிறந்த ஜெர்மானிய இயக்குநர். தந்தை இந்திய மருத்துவர். சிறு வயதில் சில காலம் இந்தியாவிலும் இந்தோனேசியாவிலும் வளர்ந்தார். 2014-இல் காலமானார். பாட்டு, சண்டை எதுவும் இல்லாத படங்கள் அவருடையவை. பொறுமை இல்லாதவர் பத்து நிமிடத்தில் எழுந்துவிடுவார்.

1895-இல் லூமியேர் சகோதரர்கள் எடுத்த படம் ஒன்றில் தொழிலாளர்கள் ஆலை வாசலிலிருந்து வெளியே வருகிறார்கள். ஒரு நிமிடம்கூட ஓடாது. நூறு ஆண்டு கழித்து ஃபரோக்கி பல படங்களில் உள்ள ஆலை வாசல் காட்சிகளைத் திரட்டி ஒரே படமாக்கினார். கேமரா வாசலோடு நின்றுவிட்டதே என்பது அவர் ஆதங்கம்.

அவர் உள்ளே போனார். 2009-இல் செங்கல்லைப் பற்றி ஒரு படம் எடுத்தார். பர்க்கினா ஃபாசோவில் ஊரே கூடி மண்ணால் கட்டடம் எழுப்புகிறது. இந்தியச் சூளை, ஐரோப்பிய ஆலை என்று போய், சுவிட்சர்லாந்தில் இயந்திரக் கை ஒன்று கணினி சொன்னபடி கல் அடுக்குகிறது. விளக்கவுரை கிடையாது. எது முன்னேற்றம் என்றும் அவர் சொல்லவில்லை.

2011 முதல் மனைவி அன்ட்யே ஏமானுடன் பெங்களூரு உட்பட 15 நகரங்களில் பட்டறை நடத்தினார். ஒரு வேலையை ஒன்றிரண்டு நிமிடம், இடையில் வெட்டாமல் எடுக்க வேண்டும் என்பதே விதி. எளிதுபோலத் தோன்றும். வேலை எங்கே தொடங்கி எங்கே முடிகிறது என்று கவனித்தவரால்தான் முடியும்.

கோலசிலாங்கூர் வட்டாரத்துக்கு இதில் என்ன இருக்கிறது? மலேசியாவில் வணிக முறையில் முதன்முதலாகச் செம்பனை நடப்பட்டது இங்குள்ள தென்னமரம் தோட்டத்தில், 1917-இல். நிலக்கணக்கும் விளைச்சல் கணக்கும் கம்பெனிக் கோப்பில் இருக்கும். விடியுமுன் நெற்றி விளக்கோடு நிரைக்குப் போன பால்வெட்டுக்காரி கத்தியை எப்படிச் சாய்த்துப் பிடித்தார், மரத்தைக் காயப்படுத்தாமல் பட்டையை எவ்வளவு மெல்லிதாகச் சீவினார் என்பதை எந்தக் கோப்பும் சொல்லாது. அந்தக் கைகளுக்கு இன்று எழுபது, எண்பது வயது.

செம்பனைக் குலையை நீண்ட கழி அரிவாளால் இழுத்து வீழ்த்துவதும், பாசிர் பெனம்பாங்கில் படகு வந்ததும் மீனைத் தரம் பிரிப்பதும் நாளைக்கும் எடுக்கலாம். பால்வெட்டு அப்படியல்ல. கல்யாண வீட்டில் மூன்று மணி நேரம் ஓடும் கைப்பேசி, பாட்டியின் கையில் கத்தியைக் கொடுத்து இரண்டு நிமிடம் ஓடட்டுமே. பழைய மரம் ஒன்றிரண்டு எங்காவது நிற்கும். இருட்டில் படம் தெளியாது என்றால் காலை பத்து மணிக்கு எடுக்கலாம். பால் சரியாக வடியாவிட்டாலும் பரவாயில்லை.