தெருப்பாட்டும் சங்கீதந்தான்

(கும்மிடிப்பூண்டித் தொழிலாளர் கூட்டமொன்றில் செய்த சொற்பொழிவின் சுருக்கம்)



இன்று "ராப்" பாட்டைப் பற்றிப் பேசும்படி சொன்னீர்கள். தொழிலாளர் கூட்டத்தில் பாட்டுப் பேச்சு எதற்கு என்று சிலர் நினைக்கலாம். எது சங்கீதம், எது வெறுங் கூச்சல் என்று தீர்ப்புச் சொல்லுகிறவர்கள்தாம் எவன் உயர்ந்தவன், எவன் தாழ்ந்தவன் என்றும் தீர்ப்புச் சொல்லி வந்திருக்கிறார்கள். ஆகவே இது நம்முடைய காரியமேயாகும்.

ராப் என்பது 1970-களில் நியூயார்க் நகரத்தில் கறுப்பின ஏழைகள் வாழ்ந்த தெருக்களில் பிறந்தது. பிரான்சு தேசத்தில் குடியேறிகளின் பிள்ளைகள் அதை எடுத்துக்கொண்டார்கள். ஆப்பிரிக்காவிலுள்ள டக்காரில் பிறந்த எம்.சி. சோலார் 1991-இல் வெளியிட்ட முதல் தொகுப்பால் பிரெஞ்சு மொழியிலேயே பெரும் பேர் பெற்றார்.

நம் பக்கத்தில் என்ன நடந்தது? திருவள்ளூரில் ரயிலேறினால் அரக்கோணம் அதிக தூரமல்ல. அவ்வூர்த் தோழர் அறிவு, 2018-இல் சென்னையில் மேடையேறிய "காஸ்ட்லெஸ் கலெக்டிவ்" குழுவில் பாடினார். தோழர் பா. இரஞ்சித் முயற்சியால் ஏற்பட்ட அக்குழுவின் பெயர், அயோத்திதாசப் பண்டிதரின் ஜாதிபேதமற்ற தமிழர் என்ற கருத்திலிருந்து வந்தது. 2019-இல் ஒஃப்ரோ என்பவருடன் "தெருக்குறள்" என்ற தொகுப்பை அறிவு வெளியிட்டார்.

1943-இல் தமிழிசைச் சங்கம் ஏற்பட்ட காலத்தில், தமிழ்நாட்டு மேடையில் தமிழ்ப் பாட்டு வேண்டுமென்று தமிழனே கிளர்ச்சி செய்ய வேண்டியிருந்தது. தமிழ் மேடையேறிற்று. பறை ஏறிற்றா? கானா ஏறிற்றா? அவற்றை ராப்புடன் சேர்த்து மேடையேற்றியதுதான் இத்தோழர்கள் செய்த வேலை.

2021-இல் வந்த "என்ஜாய் எஞ்சாமி" பாட்டு, இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில் உழைத்துத் திரும்பிய அறிவின் பாட்டி வள்ளியம்மாளின் வாழ்விலிருந்து பிறந்தது. கோடிக்கணக்கானோர் கேட்டார்கள். அவ்வாண்டு ஆகஸ்டில் "ரோலிங் ஸ்டோன் இந்தியா" பத்திரிகை அப்பாட்டின் புகழையொட்டி அட்டைப்படம் போட்டபோது, எழுதிப் பாடிய அறிவின் முகம் அதில் இல்லை! பலர் கண்டித்த பிறகே அவருக்கென்று தனி அட்டை வந்தது.

தோழர்களே! பத்திரிகையைத் திட்டிவிட்டு வீட்டுக்குப் போவதால் பயனென்ன? சாவு வீட்டில் பறை கொட்டுகிறவனை நாம் எங்கே நிறுத்துகிறோம்? அவன் அடி மட்டும் நமக்கு வேண்டும். அவனுக்குத் திண்ணையில் இடமில்லை. அட்டையில் முகமில்லாததற்கும் இதற்கும் என்ன வித்தியாசம்?

இன்னொன்றும் சொல்லுகிறேன். அறிவைக் கடவுளாக்கிப் படத்துக்குப் பாலூற்றாதீர்கள். அவர் பாட்டிலும் தப்பிருந்தால் தப்பென்று சொல்லுங்கள். மரியாதை வேறு, பூசை வேறு.

ஆகவே நம் அடுத்த கூட்டத்துக்கு உங்கள் தெருப் பாட்டுக்காரனை அழையுங்கள். நோட்டீசில் அவன் பெயரைப் போடுங்கள். பேசிய கூலியைக் கையில் கொடுங்கள். பந்தியில் பக்கத்தில் உட்கார வையுங்கள். அதுதான் சுயமரியாதைச் சங்கீதமென்று சொல்லி முடித்துக்கொள்ளுகிறேன்.