அக்கசாலை யார் கையில்?



கொற்கைக்கு அண்மையில் அக்கசாலை என்றோர் ஊர் உண்டு. காசு அடிக்கும் இடத்திற்குத் தமிழர் இட்ட பெயர் அது. பாண்டியன் தன் காசில் கயலைப் பொறித்தான். சோழன் புலியைப் பொறித்தான். சேரன் வில்லைப் பொறித்தான். காசின் எடையை வணிகன் பார்த்தான். அதன்மேல் இருந்த பொறியைக் குடிமக்கள் பார்த்தனர். எவன் பொறி காசில் உள்ளதோ அவன் ஆணையே நாட்டில் நடக்கும் என்பது அன்றைக்கு எல்லாரும் அறிந்த பொருளியல். இன்று பொன்னும் வெள்ளியும் போய்த் தாள் வந்துவிட்டது. ஆயினும் அவ்வுண்மை மாறிவிடவில்லை.

அண்டை நாடுகள் பல ஒன்றுகூடித் தத்தம் பணத்தை விட்டு ஒரே பணத்தை ஏற்றுக்கொள்ளுதல் நன்றா, தீதா என்னும் வினா உலகில் பல இடங்களில் எழுந்துள்ளது. அதற்கு விடை காண விரும்புவோர் மேற்கு ஆப்பிரிக்க நாடுகளின் எண்பதாண்டுப் பட்டறிவை எண்ணிப் பார்த்தல் வேண்டும்.

பொதுப்பணத்தின் நன்மை

பொதுப்பணத்தால் நன்மையே இல்லை என்பார் உண்மை அறியாதார். ஔசா மொழி பேசும் மக்கள் நைசரிலும் வாழ்கின்றனர். நைசீரியாவின் வடபுலத்திலும் வாழ்கின்றனர். மொழி ஒன்று, உறவு ஒன்று, கையிலிருக்கும் பணம் மட்டும் இரண்டு. நைசரில் பிராங்கு, நைசீரியாவில் நைரா. அவ்வாறே ஏவே மொழி பேசும் மக்களைத் தோகோவும் கானாவும் பங்கிட்டுக் கொண்டுள்ளன. தோகோவின் தலைநகராகிய லோமே கானாவின் எல்லைக்கோட்டை ஒட்டியே நிற்கின்றது. கோட்டிற்கு இப்பால் பிராங்கு, அப்பால் சீடி. வெள்ளையர் தம் பங்கீட்டிற்காக வரைந்த கோடு அது. துணிமூட்டையைத் தலையில் சுமந்து கோட்டைக் கடக்கும் ஏழைப் பெண் ஒவ்வொரு முறையும் பணத்தை மாற்றி மாற்றியே தன் ஊதியத்தில் ஒரு பங்கை இழக்கின்றாள். அவளுக்கு ஒரே பணம் வந்தால் அது பெரும்பேறு அன்றோ?

ஆனால், அப்பேற்றிற்கு ஒரு விலை உண்டு. ஒரு நாட்டின் விளைபொருள் உலகச் சந்தையில் விலை வீழ்ந்தால், அந்நாடு தன் பணத்தின் மதிப்பைச் சற்றுத் தாழ்த்தி ஏற்றுமதியை மீட்கலாம். வட்டியைக் குறைத்துத் தொழிலைத் தாங்கலாம். பொதுப்பணத்தில் சேர்ந்த நாட்டிற்கு இவ்விரண்டு கருவிகளும் இல்லை. கனடா நாட்டுப் பொருளியலறிஞர் இராபர்ட்டு மண்டெல் 1961-ஆம் ஆண்டிலேயே இதை விளக்கினார். ஓரிடத்தில் தொழில் நலிந்தால் உழைப்பாளர் மற்றோரிடத்திற்குத் தடையின்றிப் போய்ப் பிழைக்கக்கூடிய நிலப்பரப்பிற்கே ஒரே பணம் பொருந்தும் என்பது அவர் ஆய்வின் சாரம். செழித்த பகுதியின் வரிப்பணம் நலிந்த பகுதிக்குப் போய்ச் சேருதல் வேண்டும் என்பதைப் பின்வந்தோர் சேர்த்துரைத்தனர்.

சேபா வந்த வழி

இரண்டாம் உலகப்போர் முடிந்த 1945-ஆம் ஆண்டு திசம்பரில் பிரஞ்சு அரசு தன் ஆப்பிரிக்க அடிமை நாடுகளுக்கென ஒரு பணத்தை ஏற்படுத்திற்று. 'ஆப்பிரிக்கப் பிரஞ்சுக் குடியேற்ற நாடுகள்' என்னும் பிரஞ்சுத் தொடரின் முதலெழுத்துகளே அதன் பெயராயின. மக்கள் அதனைச் சேபா என்று வழங்கினர். 1960-இல் அந்நாடுகளிற் பெரும்பாலானவை விடுதலை பெற்றன. கொடி மாறிற்று; ஆட்சியாளர் மாறினர்; பணம் மாறவில்லை. முதலெழுத்துகளை அப்படியே வைத்துக்கொண்டு விரிவை மட்டும் மாற்றினர். 'குடியேற்ற நாடுகள்' என்பது மேற்குப் பகுதியில் 'ஆப்பிரிக்கப் பணக் குமுகம்' ஆயிற்று. சொல்லின் உள்ளீடு மாறாமல் தோலை மட்டும் உரித்து வேறு தோல் போர்த்தும் வித்தை அரசியலில் புதியதன்று!

இன்று மேற்கில் எட்டு நாடுகளும் நடு ஆப்பிரிக்காவில் ஆறு நாடுகளுமாகப் பதினான்கு நாடுகள் இரண்டு தொகுதிகளாகச் சேபாவை வழங்குகின்றன. அவற்றின் நடுவண் வைப்பகங்களின் தலைமையிடங்கள் 1970-களின் இறுதியில்தான் பாரிசை விட்டு ஆப்பிரிக்க மண்ணுக்கு வந்தன. அந்நாடுகள் ஈட்டிய அயற்பண இருப்பில் பெரும்பங்கைப் பிரஞ்சுக் கருவூலத்தில் வைத்தல் வேண்டும் என்பது உடன்படிக்கை. அப்பங்கு 1973 முதல் 65 விழுக்காடாகவும் 2005 முதல் 50 விழுக்காடாகவும் இருந்தது. அதற்கு ஈடாகச் சேபாவை மாறா மதிப்பில் மாற்றித் தரப் பிரஞ்சு அரசு உறுதி கூறிற்று. பணத்தாளும் பிரஞ்சு நாட்டின் சமாலியேர் என்னும் ஊரில் அச்சாயிற்று. அக்கசாலை அங்கே, அதன் காசைப் புழங்குவோர் இங்கே!

இதனால் ஒரு நன்மை விளைந்தது என்பதையும் மறைத்தல் கூடாது. 2022-ஆம் ஆண்டு இறுதியில் கானாவின் விலையேற்றம் 54 விழுக்காடாயிற்று. அதே ஆண்டில் அண்டையிலுள்ள சேபா நாடுகளின் விலையேற்றம், ஒட்டுமொத்தமாகப் பார்க்குங்கால், பத்து விழுக்காட்டைத் தாண்டவில்லை. அன்றாடக் கூலியாளுக்கு இது சிறு நன்மையன்று.

பாதியான ஓர் இரவு

ஆயின், பிறர் கையிற் கொடுத்த சாவி எப்பொழுது திரும்பும் என்பது அப்பிறர்க்கே வெளிச்சம். ஐம்பது சேபா ஒரு பிரஞ்சுப் பிராங்கு என்னும் கணக்கு நெடுங்காலம் நிலைத்திருந்தது. 1980-களில் கொக்கோ, காப்பி, பருத்தி ஆகியவற்றின் விலைகள் வீழ்ந்தன. தனிநாடாயின் ஒவ்வொன்றும் தன் நிலைக்கேற்பச் சிறிது சிறிதாகப் பண மதிப்பைத் திருத்தியிருக்கும். இங்கோ எவரும் அசையவில்லை. முடிவில் 1994 சனவரி 11-ஆம் நாள் தக்கார் நகரில் முடிவு அறிவிக்கப்பட்டது. இனி நூறு சேபா ஒரு பிரஞ்சுப் பிராங்கு! ஓரிரவில் பணத்தின் மதிப்பு பாதியாயிற்று. பருத்தியும் கொக்கோவும் ஏற்றுமதி செய்வோர்க்கு ஓரளவு ஊதியம் கிட்டியது உண்மையே. அயல்நாட்டு மருந்தையும் அரிசியையும் வாங்கி உண்ட நகர ஏழைக்கோ அந்த இரவு பேரிடியாக விழுந்தது.

தனித்துச் சென்றோர்

இக்கட்டினின்று தனித்துச் சென்றோரும் உண்டு. 1958 செப்தம்பர் 28-இல் நிகழ்ந்த வாக்கெடுப்பில் பிரஞ்சுக் குமுகத்தை மறுத்த ஒரே நாடு கினி. சேக்கு தூரே தலைமையில் அந்நாடு 1960 மார்ச்சு முதல் நாளில் தன் சொந்தப் பணத்தை வெளியிட்டது. அதனைச் சீர்குலைக்கக் கள்ளத்தாள்களை அச்சிட்டுப் பரப்பியதைப் பிரஞ்சு உளவுத்துறையில் இருந்தவரே பின்னாளில் ஒப்புக்கொண்டார். 1962-இல் மாலியும் சொந்தப் பணம் வெளியிட்டது. 1967-இல் அதன் மதிப்பைப் பாதியாகக் குறைத்தது. 1984-இல் சேபாவிற்கே மீண்டது. பகைவரின் சூழ்ச்சி ஒருபுறம். வரவிற்கு மிஞ்சித் தாள் அடித்த பிழை மற்றொருபுறம். அக்கசாலை தன் கையில் இருந்தால் மட்டும் போதாது. அக்கையில் அடக்கமும் வேண்டும் என்பதே இதன் பாடம்.

எக்கோ என்னும் கனவு

1975-இல் தோன்றிய மேற்கு ஆப்பிரிக்க நாடுகளின் பொருளியற் குமுகம், பிரஞ்சு ஆண்ட நாடுகளும் ஆங்கிலர் ஆண்ட நாடுகளும் ஒரே பணத்தை ஏற்கவேண்டும் என்று நெடுங்காலமாக முயன்று வருகின்றது. 2003, 2005, 2009, 2015, 2020 என ஒவ்வோர் ஆண்டாகக் குறிக்கப்பட்டுத் தள்ளிப்போயிற்று. எக்கோ என்னும் பெயர் 2019-இல் உறுதியாயிற்று. 2027 என்னும் இலக்கு 2021-இல் வைக்கப்பட்டது.

தடை என்ன? நைசீரியா கல்நெய் விற்கும் நாடு. அண்டை நாடுகள் பல அதனை வாங்குவன. 2016-இல் கல்நெய் விலை வீழ்ந்து நைசீரியாவின் பொருளியல் சுருங்கிற்று. அதே ஆண்டில் ஐவரிகோசுட்டு விரைந்து வளர்ந்தது. ஒன்றுக்கு வட்டி குறைதல் வேண்டும். மற்றொன்றிற்கு அது வேண்டா. ஒரே நடுவண் வைப்பகம் இருவர்க்கும் எவ்வாறு மருந்து தரும்? அன்றியும் இந்நாடுகளின் வணிகத்தில் பெரும்பகுதி தமக்குள் நிகழ்வதன்று, அயற்கண்டங்களுடன் நிகழ்வது. குமுகத்தின் மக்களில் பாதிக்கு மேற்பட்டோர் நைசீரியர். சிறிய நாடுகள் பாரிசின் நிழலினின்று நீங்கி அபுசாவின் நிழலிற் புகுவதற்கு அஞ்சுதலும் இயல்பே.

இந்நிலையில் 2019 திசம்பரில் ஐவரிகோசுட்டுத் தலைவரும் பிரஞ்சுத் தலைவரும் அபிசானில் ஒன்றுகூடி, மேற்குச் சேபாவே எக்கோ ஆகும் என்றனர். பிரஞ்சுச் சார்பாளர் ஆளுகைக் குழுவினின்று விலகவும், கருவூலத்தில் இருப்பு வைக்கும் கட்டாயம் நீங்கவும் வழி பிறந்தது. இது மெய்யான முன்னேற்றமே. ஆயினும், யூரோவோடு பிணித்த கட்டும் பிரஞ்சு உறுதிமொழியும் அப்படியே நின்றன. தாம் வைத்த பெயரை வேறொருவர் எடுத்துக்கொண்டனர் என்று நைசீரியா முதலிய நாடுகள் கடிந்தன.

அண்டை வீட்டார் கையும் கைதான்

அயலான் விலகிவிட்டால் எல்லாம் நேராகிவிடுமா? 2022 சனவரியில் மாலியின் படையாட்சியர் தேர்தலைத் தள்ளிப்போட்டனர். குமுகத்தின் தலைவர்கள் தண்டனை விதித்தனர்; பொது நடுவண் வைப்பகத்தில் மாலி அரசின் பணம் முடக்கப்பட்டது. கடன் தவணை செலுத்தவியலாமல் மாலி தடுமாறிற்று. 2023-இல் நைசரில் ஆட்சி கவிழ்க்கப்பட்டபோதும் அதுவே நிகழ்ந்தது. படையாட்சி ஏற்கத்தக்கது என்று எவரும் சொல்லார். ஆனால், ஓர் அரசின் பணப்பெட்டியை அண்டை நாட்டார் ஒரே நாளில் பூட்டிவிட முடியும் என்பதை உலகம் கண்டது. மாலி, புர்க்கினா பாசோ, நைசர் என்னும் மூன்றும் 2025 சனவரியில் குமுகத்தை விட்டு நீங்கின. நீங்கியபோதும் அவற்றின் கையிலிருந்த பணம் சேபாவே! அரசியற் கட்டை ஓர் அறிக்கையால் அறுக்கலாம். பணக்கட்டை அவ்வளவு எளிதில் அறுத்தல் இயலாது.

ஆகலின், பொதுப்பணம் காண விரும்பும் எந்நாட்டாரும் உடன்படிக்கையிற் கையெழுத்திடுமுன் மூன்று வினாக்களுக்கு விடை பெறுதல் வேண்டும். தாள் அடிப்பவர் யார்? மதிப்பையும் வட்டியையும் முடிவு செய்யும் அவையில் சிறிய நாட்டின் குரலுக்கு இடம் உண்டா? ஒருவர் வீழ்ந்தால் அவரைத் தாங்கும் பொதுக் கருவூலம் உண்டா? இம்மூன்றிற்கும் நேரிய விடை இருந்தால் லோமே எல்லையில் துணிமூட்டை சுமக்கும் பெண்ணின் சுமை குறையும். விடை இல்லையேல், அவள் கையில் புதுத்தாள் ஒன்று வரும். அதன் மதிப்பு பாதியாகும் இரவை மட்டும் வேறெவரோ குறிப்பர்.

காசைப் பொதுவாக்குமுன் அக்கசாலையைப் பொதுவாக்குக!