இருமொழிப் பத்திராசிரியர் ஹிராந்த் டிங்க்

ஒரு வாக்கியத்தை அதன் முன்னும் பின்னுமுள்ள வாக்கியங்களினின்று பிரித்தெடுத்துப் படித்தால், எழுதியவர் கருதாத பொருளை அதன்மேல் ஏற்றிவிடலாம். மாணவன் அவ்வாறு செய்தால் மதிப்பெண் குறையும். நீதிமன்றம் செய்யுமாயின் ஓர் உயிருக்கே கேடு சூழும். துருக்கி நாட்டுப் பத்திராசிரியர் ஹிராந்த் டிங்கின் வாழ்க்கை இவ்வுண்மையை உணர்த்துவதாகும்.

டிங்க் 1954ஆம் ஆண்டு மலாத்தியா நகரில் ஆர்மேனியக் குடும்பமொன்றில் பிறந்தார். உதுமானியப் பேரரசின் ஆர்மேனிய மக்கள் 1915இல் பேரழிவுக்கு உள்ளாயினர். அதற்குத் தப்பியோரின் வழித்தோன்றல்களே இன்றைய துருக்கியின் ஆர்மேனியர். பெற்றோர் பிரிந்தமையால் டிங்கும் அவருடைய தம்பியர் இருவரும் இஸ்தான்புல் நகரின் அநாதை விடுதியொன்றில் வளர்ந்தனர். அவ்விடுதியில் உடன் வளர்ந்த இராக்கேல் என்னும் பெண்ணையே அவர் பின்னர் மணந்தார். பல்கலைக்கழகத்தில் அவர் கற்றது விலங்கியல், நடத்தியதோ புத்தகக்கடை.

1996இல் அவரும் நண்பர்களும் 'ஆகோஸ்' என்னும் வார இதழைத் தொடங்கினர். ஆகோஸ் என்பதற்கு உழவுச்சால் என்று பொருள். இதழின் பெரும்பகுதி துருக்கி மொழியிலும் சில பக்கங்கள் ஆர்மேனிய மொழியிலும் வெளிவந்தன. தாய்மொழியை இழந்த ஆர்மேனியரும் அதைப் படிக்க வேண்டும். அயல்வீட்டுத் துருக்கியரும் ஆர்மேனியரின் துயரை அறிய வேண்டும் என்பதே நோக்கம்.

டிங்க் இருசாராரிடமும் கசப்பான உண்மையைக் கூறினார். 1915இல் நடந்தவற்றை நேர்மையுடன் எதிர்கொள்ளுமாறு துருக்கியரைக் கேட்டார். துருக்கியர்மேற் கொண்ட பகையுணர்வைத் துறக்குமாறு உலகெங்கும் வாழும் ஆர்மேனியரைக் கேட்டார். அப்பேரழிவை மறுப்பது குற்றமெனப் பிரான்சிற் சட்டமியற்ற 2006இல் முயன்றபோது, அதனையும் எதிர்த்தார். அச்சட்டம் வருமாயின் பிரான்சுக்கே சென்று அதை மீறுவேன் என்றார். பேச்சைத் தடுக்கும் சட்டம் எப்பக்கம் நின்றாலும் அவருக்கு உடன்பாடன்று.

2003-2004 காலப்பகுதியில் ஆகோஸில் ஆர்மேனிய அடையாளத்தைப் பற்றித் தொடர்கட்டுரை எழுதினார். துருக்கியரைப் பற்றி ஆர்மேனியர் உள்ளத்தில் ஊறிய பகைமையே ஆர்மேனியரின் குருதியிற் கலந்த நஞ்சு என்பது அவர் கருத்து. ஒரே வாக்கியம் தனியே எடுக்கப்பட்டு, துருக்கியர் குருதியை நஞ்சென்றார் எனத் திரிக்கப்பட்டது. இழிவுபடுத்தும் நோக்கம் அதில் இல்லையென நீதிமன்றம் நியமித்த விற்பன்னர் குழுவே அறிக்கை தந்தது. எனினும் 2005இல் அவருக்கு ஆறு மாத ஒத்திவைக்கப்பட்ட சிறைத்தண்டனை விதிக்கப்பட்டது. மேன்முறையீடும் பயனளிக்கவில்லை.

தண்டனையினும் கொடியது, துருக்கியரின் பகைவர் என்னும் முத்திரை. அச்சுறுத்தற் கடிதங்கள் பெருகின. வெளிநாடு செல்லும் வழியிருந்தும் அவர் செல்லவில்லை. தம் இறுதிக் கட்டுரையில் தம்மை ஒரு புறாவுக்கு ஒப்பிட்டார்: எப்போதும் இடமும் வலமும் நோக்கி அஞ்சுவது, ஆயினும் மக்கள் கூட்டத்தின் நடுவே வாழ்வது. அந்நாட்டில் எவரும் புறாவுக்குத் தீங்கிழையார் என்று நம்பினார்.

2007 ஜனவரி 19ஆம் நாள், ஆகோஸ் அலுவலக வாயிலில், 17 வயது இளைஞனொருவன் பின்னால் வந்து அவரைச் சுட்டுக் கொன்றான். வீதியில் வீழ்ந்து கிடந்தவரின் பாதணியில், அடித்தோல் தேய்ந்து ஓட்டையாகியிருந்தது. இறுதி ஊர்வலத்தில் இலட்சம் பேர் வரையில் திரண்டனர். அவர்களிற் பெரும்பாலார் துருக்கியர். "நாமெல்லோரும் ஹிராந்த் டிங்க், நாமெல்லோரும் ஆர்மேனியர்" என்ற பதாகைகளை அவர்கள் ஏந்திச் சென்றனர். அன்று உரையாற்றிய இராக்கேல் அம்மையார் பழிவாங்கக் கோரவில்லை. கொலைஞனும் ஒருகாற் குழந்தையாயிருந்தவனே, அக்குழந்தையைக் கொலைஞனாக்கிய இருளை ஆராயுங்கள் என்றார்.

ஐரோப்பிய மனித உரிமைகள் நீதிமன்றம் 2010 செப்டெம்பர் 14ஆம் நாள் தீர்ப்பளித்தது. கொலைச்சதி பற்றி அறிந்திருந்தும் அதிகாரிகள் அவரைக் காக்கத் தவறினர். அவருடைய பேச்சுரிமையும் மீறப்பட்டது என்று அது கண்டது. கட்டுரைத் தொடர் முழுவதையும் படித்த அந்நீதிமன்றம், நஞ்சென அவர் கூறியது ஆர்மேனியர் உள்ளத்திலிருந்த எண்ணத்தையே என்றும் தெளிவுபடுத்தியது. அவ்வாக்கியம் சரியாகப் படிக்கப்பட்டபோது, அதை எழுதியவர் மறைந்து மூன்றாண்டுகள் கடந்திருந்தன.