முதலாளி வாங்கும் கச்சாப் பொருள் நம் நேரம்!

(வேங்கிக்காலில் நடந்த மில் தொழிலாளர், விவசாயத் தொழிலாளர் கூட்டத்தில் கட்சி ஊழியர் ஒருவர் பேசியதன் சுருக்கம்.)



நூல் மில்லுக்குக் கச்சாப் பொருள் எது என்று கேட்டால் பஞ்சு என்பீர்கள். செருப்புக் கம்பெனிக்கு எது என்றால் தோல் என்பீர்கள். சரிதான். ஆனால் பஞ்சை உள்ளே கொட்டிவிட்டு, ஆள் இல்லாமல் மில்லைப் பூட்டி வையுங்கள். ஒரு முழம் நூல் வருமா? வராது. பஞ்சோடு கூட இன்னொரு சரக்கும் கேட்டுக்குள் போகவேண்டும். அந்தச் சரக்குதான் உங்கள் நேரம். காலையில் உங்கள் ஆயுளில் எட்டு மணி நேரம் உள்ளே போகிறது. மாலையில் நூலாக லாரியில் ஏறி வெளியே போகிறது.

இந்தச் சரக்குக்கு முதலாளி என்ன விலை கொடுக்கிறான்? ஒரு கணக்குப் போடுவோம். எட்டு மணி நேரம் உழைக்கும் ஒரு தொழிலாளி, முதல் மூன்று மணி நேரத்திலேயே தன் கூலிக்கு ஈடான மதிப்பை உண்டாக்கிவிடுகிறாள் என்று வைத்துக் கொள்வோம். "உன் கணக்குத் தீர்ந்தது, வீட்டுக்குப் போ" என்று முதலாளி சொல்வானா? சொல்லமாட்டான். மீதி ஐந்து மணி நேரமும் அவனுக்கு இனாம். இதற்குத்தான் உபரி மதிப்பு என்று பெயர். 1867-இல் வெளிவந்த "மூலதனம்" நூலில் மார்க்ஸ் இந்த ரகசியத்தை உடைத்துக் காட்டினார். அதே தினக்கூலிக்கு வேலையைப் பன்னிரண்டு மணி நேரமாக்கினால், இனாம் ஐந்திலிருந்து ஒன்பதாகிவிடும். முதலாளிகள் ஏன் எப்போதும் கடிகாரத்தின் மேலேயே கண்ணாக இருக்கிறார்கள் என்பது இப்போது விளங்குகிறதல்லவா?

அவர்கள் நிமிஷத்தைக்கூட விடமாட்டார்கள். இங்கிலாந்தில் லியனார்டு ஹார்னர் என்ற தொழிற்சாலை ஆய்வாளர் 1859-இல் ஒரு கணக்குக் கொடுத்தார். காலையில் கால்மணி முந்தி வேலை தொடங்குவது, மாலையில் கால்மணி பிந்தி விடுவது, சாப்பாட்டு இடைவேளையில் முன்னும் பின்னும் ஐந்து பத்து நிமிஷம் பிடுங்குவது. இப்படிச் சேர்ந்தால் வாரத்துக்கு 5 மணி 40 நிமிஷம். வருஷத்துக்கு 27 வேலை நாட்கள்! சில்லறையாகத் திருடி ஒரு மாதத்தைச் சேர்த்துவிட்டார்கள்.

விவசாயத் தொழிலாளத் தோழர்களுக்கு இது புதிதல்ல. விடியுமுன் ஏர் பூட்டி, இருட்டிய பிறகு வீடு திரும்பிய பண்ணையாளுக்குச் சூரியன்தான் கடிகாரம். மில்லுக்கு மின்சார விளக்கு வந்தபோது அந்தக் கடிகாரமும் போயிற்று. பம்பாய் மில்களில் விளக்கு எரிய எரிய வேலை நேரம் நீண்டது. தொழிலாளிகள் எழுப்பிய கூச்சலுக்குப் பிறகே, 1911 சட்டம் நெசவாலைகளில் ஆண்களுக்குப் பன்னிரண்டு மணி என்று வரம்பு கட்டியது. 1922-இல் பதினொன்று, 1934-இல் பத்து, 1946-இல் ஒன்பது. வாரத்துக்கு 48 மணி.

ஒவ்வொரு மணியையும் யார் குறைத்தது? சர்க்காரின் இரக்கமா? 1918-இல் சென்னை பின்னி மில் தொழிலாளிகள் சங்கம் கட்டியபோது அவர்கள் கேட்டவற்றுள் ஒன்று, சாப்பிடக் கொஞ்சம் கூடுதல் நேரம். 1923-இல் சிங்காரவேலர் சென்னைக் கடற்கரையில் மே தினக் கொடியை ஏற்றினார். நமக்குக் கிழக்கே புதுவையில் 1936 ஜூலை 30 அன்று பிரெஞ்சுச் சிப்பாய்களின் துப்பாக்கிக்குப் பன்னிரண்டு மில் தொழிலாளிகள் பலியானார்கள். அந்த ரத்தத்துக்குப் பிறகே அங்கே எட்டு மணி நேர வேலை சட்டமாயிற்று.

பழைய கதை என்று நினைக்காதீர்கள். 2023 ஏப்ரல் 21 அன்று தமிழ்நாடு சட்டமன்றத்தில் பன்னிரண்டு மணி நேர வேலைக்கு வழிவிடும் மசோதா நிறைவேறியது. தொழிற்சங்கங்கள் எல்லாம் எதிர்த்தன. ஆளும் கட்சியின் கூட்டணிக் கட்சிகளும் எதிர்த்தன. மூன்றாம் நாளே அது நிறுத்தி வைக்கப்பட்டது. மே தினத்தன்று வாபஸ் என்று முதலமைச்சர் அறிவித்தார். ஒன்றுபட்டால் என்ன நடக்கும் என்பதற்கு இதைவிட என்ன சாட்சி வேண்டும்?

ஆனால் ஆபத்து தீரவில்லை. 2025 நவம்பர் 21 முதல் மத்திய சர்க்கார் நான்கு தொழிலாளர் சட்டத் தொகுப்புகளை அமலுக்குக் கொண்டு வந்துவிட்டது. ஓவர்டைம் மூன்று மாதத்துக்கு 50 மணியைத் தாண்டக்கூடாது என்று 1948 தொழிற்சாலைச் சட்டத்திலேயே பொதுவான வரம்பு எழுதப்பட்டிருந்தது. புதிய சட்டமோ அந்த வரம்பைச் சர்க்கார் விதியாக எழுதிக் கொள்ள விட்டுவிட்டது. விதியை மாற்றச் சட்டமன்றம் கூடவேண்டியதில்லை.

போன மாதம் ஒரு கிராமத்தில் ஒரு தங்கச்சியைப் பார்த்தேன். பதினேழு வயதில் மேற்கே ஒரு மில் விடுதிக்குப் போனவள். மூன்று வருஷம் முடித்தால் கல்யாணத்துக்கு மொத்தமாகப் பணம் என்று ஏஜெண்டு சொன்னானாம். இரண்டரை வருஷத்தில் உடம்பு முடியாமல் திரும்பி வந்தாள். மொத்தப் பணம் கிடையாது. "அண்ணே, பணம் போனால் போகட்டும். அந்த இரண்டரை வருஷத்தை யார் தருவார்?" என்று கேட்டாள். என்னிடம் பதில் இல்லை. பஞ்சு நாசமானால் முதலாளி வேறு பஞ்சு வாங்குவான். நமக்கு வேறு ஆயுள் எங்கே கிடைக்கும்?

கம்பெனி பஸ்ஸில் விடியற்காலை ஏறும் பெண்களைக் கேளுங்கள். போக ஒன்றரை மணி, வர ஒன்றரை மணி. அந்த மூன்று மணிக்குக் கூலி கிடையாது. வீட்டில் அடுப்பும் தண்ணீர்க் குடமும் காத்திருக்கின்றன. அவர்களுக்கு எட்டு மணி நேர நாள் இன்னும் வரவேயில்லை.

என்ன செய்யவேண்டும்? முதலில் ஆளுக்கு ஒரு நோட்டு வாங்குங்கள். கேட்டுக்குள் போன நேரம், வெளியே வந்த நேரம், சாப்பாட்டுக்கு விட்ட நேரம், மூன்றையும் தினமும் எழுதுங்கள். எழுதத் தெரியாதவருக்குப் பிள்ளைகள் எழுதட்டும். இரண்டாவது, ஓவர்டைமுக்குத் தொழிலாளியின் சம்மதம் வேண்டும், கூலி இரட்டிப்பு என்று புதிய சட்டமே சொல்கிறது. படித்துப் பார்க்காமல் எந்தத் தாளிலும் கையெழுத்தோ கைநாட்டோ வைக்காதீர்கள். மூன்றாவது, அந்த நோட்டுகளைச் சங்கத்துக்குக் கொண்டு வாருங்கள். ஒரு நோட்டை மானேஜர் கிழித்துப் போடுவான். நூறு நோட்டுகளோடு இதே வேங்கிக்காலில் இருக்கும் கலெக்டர் ஆபீஸ் வாசலில் நின்றால், யாராலும் கிழிக்க முடியாது.

வயலில் நிற்பவரும் மில்லில் நிற்பவரும் விற்பது ஒரே சரக்கு. விலையை வாங்குகிறவனே சொல்லும் காலத்துக்கு முடிவு கட்ட, இருவரும் ஒரே சங்கக் கொடியின் கீழ் வரவேண்டும். வாருங்கள்!