ஆஜர் இல்லை

(கலவையில் நடந்த கூட்டமொன்றில் பேசியதன் எழுத்து வடிவம்)



நான் வக்கீல் இல்லை. பகலில் வங்கியில் கிளார்க்கு, ராத்திரியில் கவிதை. ஆனாலும் சேரியில் யாருக்குக் கோர்ட்டுக் காகிதம் வந்தாலும் படிச்சுச் சொல்லச் சொல்லி என்கிட்ட வருவாங்க. அதில் அடிக்கடி கண்ணில் படுவது ஒரே சங்கதி: புகார்தாரர் ஆஜர் இல்லை, எதிரி விடுதலை.

அடி, வசவு, மிரட்டல் என்று ஸ்டேஷனுக்குப் போனால், 'சின்ன விஷயம், கோர்ட்ல பாத்துக்க' என்று அனுப்பிவிடுவான். நாமே தனிப் புகார் போடுகிறோம். அது சம்மன் வழக்கு. வாய்தா அன்னிக்கு டவாலி கூப்பிடும்போது நாம் இல்லையென்றால் எதிரியை விடுவிக்கச் சொன்னது 1973ஆம் வருஷத்துக் குற்றவியல் நடைமுறைச் சட்டம், 256ஆவது பிரிவு. தள்ளிவைக்கலாம், வக்கீல் இருந்தால் நம்மை விட்டுவிட்டும் நடத்தலாம் என்று அதே பிரிவில் இருந்தது. அதை யார் நமக்குச் சொன்னது?

ராணிப்பேட்டை தோல் ஷாப்பிலோ ஆம்பூர் ஷூ கம்பெனியிலோ ஒரு நாள் போகலைன்னா ஒரு நாள் கூலி போச்சு. பத்து வாய்தாவுக்குப் போனவள் பதினோராவதுக்குப் போகலைன்னா, போன பத்தும் கணக்கில் இல்லை. எங்க வங்கியில் பத்து வருஷம் ஒருத்தர் எட்டிப் பார்க்காவிட்டாலும் அவர் பணம் அடுத்தவனுக்குப் போகாது. 2014இல் ரிசர்வ் வங்கி ஏற்படுத்திய நிதிக்குப் போகும். அவரோ வாரிசோ வந்து கேட்டால் திருப்பிக் கொடுத்தாகணும். காசுக்கு இருக்கிற காவல் நாம பட்ட அடிக்கு இல்லை.

தண்டனை அடைந்தவரும் அவர் வக்கீலும் வராவிட்டாலும் அப்பீலைச் சும்மா தள்ளக்கூடாது, கட்டைப் படித்துத்தான் தீர்ப்புச் சொல்லணும் என்று 1996இல் பானி சிங் வழக்கில் சுப்ரீம் கோர்ட் சொன்னது. 2007இல் மதன்லால் கபூர் வழக்கில் சீராய்வு மனுவுக்கும் அப்படியே. சரியான தீர்ப்புதான், நம்ம பிள்ளைகளும் ஜெயிலில் இருக்காங்க. ஆனா எங்க புகாரும் பிரமாண வாக்குமூலமும்கூட ஒரு கட்டில்தானே இருக்கு? அதைப் படிச்சா என்ன?

மூடிய வழக்கை மூடிய மாஜிஸ்திரேட்டே திறக்க முடியாது என்று 1986லேயே தீர்ப்பு. அதே குற்றத்துக்கு மறுபடி புகாரும் கிடையாது. மேல்கோர்ட்டுக்குப் போகணும். கூலி போகுமேன்னு ஆற்காட்டுக்கே போகாதவள் மெட்ராசுக்குப் போவாளா?

2024 ஜூலையில் வந்த புதுச் சட்டத்தில் 279ஆவது பிரிவு: 30 நாள் அவகாசம் கொடுத்த பிறகே விடுதலை. இதை எழுதி வைத்துக்கொள்ளுங்கள். வர முடியாத நாளில் வக்கீலிடம் சொல்லி மனு போடச் சொல்லுங்கள். வாயால் சொன்னது கட்டில் ஏறாது.

வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தில் பதிந்த வழக்கு வேறே. நடத்துவது அரசாங்கம். நாம ஒரு நாள் வரலைன்னு இந்தப் பிரிவில் எவனும் வெளியே போக முடியாது. அதனால முதல் சண்டையை ஸ்டேஷன் வாசலிலேயே போடணும். அந்தச் சட்டத்தின் 1995 விதிகளில் 11ஆவது விதி, பாதிக்கப்பட்டவருக்கும் சாட்சிக்கும் பஸ் செலவும், விவசாயக் கூலிக்கான குறைந்தபட்சக் கூலிக்குக் குறையாத தினப்படியும் தரணும் என்கிறது. அதைக் கையில் வாங்கினவங்க இங்கே இருந்தா, கொஞ்சம் கையைத் தூக்குங்க.